பாக்கெட் ஷாம்புவும் சம்பள நாளும்: கடலூரின் சிக், பேராக்கின் தோட்டக்கடை

சிக் ஷாம்புவின் வரலாற்றை வணிகவியலார் பெரும்பாலும் விலையின் வெற்றியாகவே எழுதியிருக்கிறார்கள். ஏழைக்குப் புட்டி எட்டாது, பாக்கெட் எட்டியது, ஏழை வாங்கினார் என்று கதை முடிந்துவிடுகிறது. மலேசியாவின் பேராக் மாநிலத்து ரப்பர் தோட்டங்களை அருகில் வைத்துப் பார்த்தால் இந்த விளக்கம் போதாது என்பது தெரியும். அங்கு வாழ்ந்தவர்களும் தமிழர்கள், கூலிக்காரர்கள், சீயக்காய் தேய்த்துக் குளித்தவர்கள். ஆனால் அவர்கள் வீட்டுச் செலவு வேறொரு தாளத்தில் நடந்தது. கையில் எவ்வளவு பணம் இருக்கிறது என்பதைப் போலவே, அது எந்த நாளில் கைக்கு வருகிறது என்பதும் பொட்டலத்தின் அளவைத் தீர்மானிக்கிறது என்பதே இக்கட்டுரையின் வாதம்.

முதலில் கடலூர். பாக்கெட்டைக் கண்டுபிடித்தவராகப் பலரும் சிக்கின் நிறுவனர் சி.கே. ரங்கநாதனைச் சொல்வார்கள். அந்தப் பெருமை அவருடைய தந்தை சின்னி கிருஷ்ணனுக்கு உரியது. கடலூரில் மருந்துப் பொருள்களைச் சிறு பொட்டலங்களாக்கி விற்றுவந்த அவர், 1970களில் ஷாம்புவையும் சிறு பாக்கெட்டில் அடைத்தார். கூலியாளும் ரிக்‌ஷாக்காரரும் வாங்கும்படி பொருள் இருக்க வேண்டும் என்பது அவருடைய எண்ணம் என்று மகன் பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். அந்தக் குடும்பத்தின் வெல்வெட் ஷாம்பு தமிழகத்தில் பாக்கெட்டைப் பழக்கப்படுத்தியது. தந்தை மறைந்தபின் அண்ணன்மாரோடு கருத்து ஒவ்வாமல் வெளியேறிய ரங்கநாதன், 15,000 ரூபாய் முதலுடன் 1983இல் சிக் இந்தியாவைத் தொடங்கினார். தந்தை பெயரின் முதலெழுத்துகளே சிக் ஆயின. வீட்டைவிட்டு வந்த மகன் தந்தை பெயரைக் கொண்டே அண்ணன்மாரின் வெல்வெட்டுக்கு எதிரே கடை விரித்தார். அந்த நிறுவனமே 1998இல் கெவின்கேர் ஆனது.

சிக் வளர்ந்த வழிகளுள் ஆய்வாளர் அதிகம் தங்கிப் பார்க்க வேண்டியது காலிப் பாக்கெட் திட்டம். எந்த நிறுவனத்தின் ஷாம்பு ஆனாலும் சரி, ஐந்து காலிப் பாக்கெட்டைக் கடையில் கொடுத்தால் ஒரு சிக் இலவசம். சில காலம் கழித்து, சிக் பாக்கெட்டுக்கு மட்டுமே இலவசம் என்று திட்டம் மாறியது. மாதம் 35,000 பாக்கெட்டாக இருந்த விற்பனை 12 லட்சமாக உயர்ந்தது என்பது ரங்கநாதன் பேட்டிகளில் சொல்லும் கணக்கு. இதை வெறும் தள்ளுபடியாகப் படிப்பது தவறு. காலிப் பாக்கெட்டை வாங்கி எண்ணிவைப்பவர் கடைக்காரர். இலவசம் கேட்டு ஆள் வரும்போது கொடுப்பதற்குச் சரக்கு வேண்டுமே என்று சிக்கை வாங்கி வைக்கவேண்டியவரும் அவரே. வாடிக்கையாளருக்குக் காட்டிய சலுகை கடைக்காரரைப் பிடித்தது. நடிகை அமலா வந்த விளம்பரங்களும், மல்லிகை ரோஜா மணங்களும், கிராமத்துத் தெருவில் சிறுவர் தலையில் நுரை எழுப்பிக் காட்டிய விளக்கங்களும் இதற்குத் துணைசெய்தன. 1999இல் பாக்கெட் விலை ஐம்பது காசானது. சிக் இந்தியச் சந்தையில் இரண்டாம் இடத்தைப் பிடித்தது. ஏழைகளையே சந்தையாகக் காணலாம் என்று சி.கே. பிரகலாத் 2004இல் நூல் எழுதியபோது இந்த வகைப் பாக்கெட் உலகறிந்த சான்றாயிற்று.

வயல் வேலைக்குப் போனவர் சாயங்காலம் காசோடு திரும்பினார் என்பது அந்தச் சான்றில் விடுபட்டுவிடுகிறது. அன்றைய கூலியிலிருந்து அன்றைய எண்ணெய், அன்றைய புளி, வெள்ளிக்கிழமைக்கு ஒரு ஷாம்பு. பாக்கெட் அந்த நாட்கூலிக்கு அளவெடுத்துத் தைத்தது.

பேராக்கில் நிலைமை வேறு. 1877இல் கோலகங்சாரில் பிரிட்டிஷ் ரெசிடெண்ட் ஹியூ லோ ரப்பர் கன்றுகளை நட்டதிலிருந்து, சுங்கை சிப்புட் வட்டாரம்வரை தோட்டங்கள் பரவி ஆயிரக்கணக்கான தமிழர் குடும்பங்களை லயன்கள் என்னும் வரிசைக் குடியிருப்புகளில் குடிவைத்தன. கூலி நாட்கணக்கில்தான்; மழை பெய்தால் பால்வெட்டு இல்லை, வருமானமும் இல்லை. ஆனால் பணம் கைக்கு வந்தது மாதத்துக்கு ஒருமுறை. ஊதியக் காலம் ஒரு மாதத்தைத் தாண்டக் கூடாது, அது முடிந்த ஏழு நாளுக்குள் கூலி தரப்பட வேண்டும் என்று 1955ஆம் ஆண்டின் வேலைவாய்ப்புச் சட்டம் சொன்னது. இடைப்பட்ட நாள்களைத் தோட்டக்கடையின் கடன் புத்தகம் கடத்திவிட்டது. அரிசி, மீன், சவர்க்காரம், தேங்காயெண்ணெய் எல்லாம் புத்தகத்தில் ஏறின. சம்பள நாளில் கணக்குத் தீர்ந்தது, அல்லது பாக்கி அடுத்த மாதத்துக்குப் போனது.

இப்படி வாங்கும் வீட்டுக்கு ஒருவேளைப் பாக்கெட்டின் பெரிய கவர்ச்சி போய்விடுகிறது. இன்று கையில் இருக்கும் சில்லறைக்குள் அடங்குவதே பாக்கெட்டின் பலம். சில்லறையே தேவைப்படாத கடையில் அந்தப் பலத்துக்கு வேலை இல்லை. ஒரு மாதத்துக்கான புட்டியும் அதே பேனாவால் அதே பக்கத்தில் எழுதப்பட்டது. எந்தப் புட்டி என்பதையும் பெரும்பாலும் கடைக்காரரே தீர்மானித்தார், ஏனெனில் கடன் வாங்கியவர் வேறு கடைக்குப் போக முடியாது. வாடிக்கையாளரின் விருப்பத்தை வென்றால் சந்தையை வெல்லலாம் என்னும் விளம்பரக் கோட்பாடு லயன் வாசலில் நின்றுவிடுகிறது. கடன் ஏழைக்குப் பெரிய அளவில் வாங்கும் வசதியைத் தந்தது. தேர்ந்தெடுக்கும் உரிமையை எடுத்துக்கொண்டது. பாக்கெட் நேர்மாறு. அதை வாங்கியவர் காசை நீட்டினார், பெயரைச் சொல்லிக் கேட்டார், மறுவாரம் மனம் மாறினால் வேறொன்றைக் கேட்டார். பாக்கெட்டைச் சுரண்டலின் கருவியாக மட்டும் காணும் விமர்சகர்கள் இந்தச் சிறு சுதந்திரத்தைக் கணக்கில் எடுப்பதில்லை. இந்தியாவில் பல ஷாம்புகள், மில்லிலிட்டர் கணக்குப் பார்த்தால், புட்டியைவிடப் பாக்கெட்டில் மலிவு என்பதையும் அவர்கள் எண்ணிப் பார்க்க வேண்டும்.

1950களிலும் 60களிலும் பெரிய தோட்டங்களைச் சிறு துண்டுகளாக்கி விற்ற தோட்டத் துண்டாடலும், பின்னர் ரப்பர் செம்பனைக்கு இடம்விட்டதும் லயன்களைக் காலிசெய்தன. சுங்கை சிப்புட்டில் பிறந்த வீ.தி. சம்பந்தன் 1960இல் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் சில தோட்டங்களைத் தொழிலாளர் பணத்தாலேயே வாங்கிக் காத்தது. மற்ற இடங்களிலிருந்து குடும்பங்கள் ஈப்போ முதலிய பட்டணங்களின் ஓரங்களுக்குப் பெயர்ந்தன. ரொக்கம் கொடுத்து வாங்கும் கடையும் பேரங்காடியும் அவர்களுக்கு அன்றாடமாயின. பெயர் சொல்லிக் கேட்கும் உரிமை அவர்களுக்கு முழுமையாகக் கிடைத்தது தோட்டத்தை இழந்த பிறகுதான். ஈப்போ லிட்டில் இந்தியாவின் கடையில் சீயக்காய்த் தூளையும் பன்னாட்டு ஷாம்புவையும் ஒன்றாக எடுத்துவரும் மூதாட்டியின் கூடையை இந்தப் பின்னணியில் வைத்தே படிக்க வேண்டும்.

தோட்டத் தமிழர் வரலாற்றில் கூலி, கள்ளுக்கடை, வேலைநிறுத்தம், பள்ளி ஆகியவை பற்றி நிறைய எழுதப்பட்டிருக்கிறது. சவர்க்காரமும் எண்ணெயும் ஷாம்புவும் அந்த அளவுக்கு எழுதப்படவில்லை. அவற்றுக்கான முதன்மைச் சான்று தோட்டக்கடைகளின் கடன் புத்தகங்களே. பழைய கடைக்காரர் வீடுகளில் எஞ்சியிருப்பவற்றைப் பல்கலைக்கழக நூலகங்கள் இப்போதே கேட்டு வாங்கி, பக்கம் பக்கமாகப் படமெடுத்து வைக்க வேண்டும்.