சாபு சிரில்

சாபு சிரில் (பிறப்பு: மார்ச் 27, 1962) இந்தியத் திரைப்படக் கலை இயக்குனரும் நடிகரும் ஆவார். தமிழ், மலையாளம், இந்தி, தெலுங்கு ஆகிய மொழித் திரைப்படங்களில் பணியாற்றியுள்ளார். கலை இயக்கத்திற்கான இந்திய தேசிய விருதை நான்கு முறை பெற்றுள்ளார்.

வாழ்க்கைக் குறிப்பு

இவர் தமிழ்நாட்டின் வால்பாறையில் பிறந்தார். சென்னைக் கவின்கலைக் கல்லூரியில் பயின்றார். 1990களின் தொடக்கத்தில் மலையாளத் திரைப்படங்களின் வழியாகக் கலை இயக்குனராக அறியப்பட்டார். இயக்குனர் பிரியதர்சனுடன் பல படங்களில் இணைந்து பணியாற்றியுள்ளார்.

கலை இயக்கம்

திரைப்படத்திற்காக எழுப்பப்படும் அரங்குகள் பெரும்பாலும் படப்பிடிப்பு முடிந்ததும் பிரிக்கப்பட்டு விடுகின்றன. எனவே கலை இயக்குனரின் உழைப்புக்குத் திரைப்படமே எஞ்சும் சான்றாகும். சாபு சிரிலின் படங்களுள் பல, கடந்த காலத்தை மீட்டுக் காட்டுபவை.

"காலாபானி" (தமிழில் "சிறைச்சாலை", 1996) அந்தமான் சிற்றறைச் சிறையைக் களமாகக் கொண்டது. அச்சிறையின் ஏழு சிறகுகளுள் மூன்று மட்டுமே எஞ்சியிருப்பதால், அக்காலச் சூழலை உருவாக்கும் பொறுப்பு பெரிதும் கலை இயக்குனரையே சார்ந்திருந்தது. "ஹே ராம்" (2000) நாட்டுப் பிரிவினைக் காலத்தையும், "காஞ்சிவரம்" விடுதலைக்கு முந்தைய பட்டு நெசவாளர் வாழ்வையும் காட்டுகின்றன. "ஓம் சாந்தி ஓம்" (2007) கதையில் ஒரு படப்பிடிப்பு அரங்கு எரிந்து, முப்பது ஆண்டுகளுக்குப் பின் மீண்டும் எழுப்பப்படுகிறது. ஆகவே ஒரே அரங்கைப் புதியதாகவும், இடிபாடாகவும், மறுபடி எழுந்ததாகவும் காட்ட வேண்டியிருந்தது. "பாகுபலி" (2015, 2017) படங்களின் மகிழ்மதி நாடு ஐதராபாத்து ராமோஜி திரைப்பட நகரில் இவரால் உருவாக்கப்பட்டது.

நடிப்பு

சங்கர் இயக்கிய "எந்திரன்" (2010) திரைப்படத்தில் ஷா என்னும் துணை வேடத்தில் நடித்தார். எதிர்நாயகனான அறிவியலாளர் போராவுக்கும் (டேனி டென்சோங்பா) அவரிடம் எந்திர மனிதர்களை வாங்க முனையும் தீவிரவாதக் குழுவினருக்கும் இடையே நின்று பேசுபவர் ஷா. இப்படத்தின் கலை இயக்குனரும் சாபு சிரிலே. பொதுவாகத் திரைக்குப் பின்னால் இருப்பவரின் முகமும், அவர் அமைத்த களமும் ஒரே படத்தில் காணக் கிடைக்கின்றன.

நடிப்பையும் அரங்க அமைப்பையும் ஒருவரே மேற்கொள்வது திரைப்படத்தின் தொடக்கக் காலத்திலேயே இருந்த வழக்கமாகும். பிரான்சு நாட்டின் ஜார்ஜ் மெலியே, தாம் இயக்கிய "நிலவுக்குப் பயணம்" (1902) படத்தின் அரங்குகளை வடிவமைத்ததோடு முதன்மை வேடத்திலும் நடித்தார். பின்னர் படத் தயாரிப்பு விரிவடைந்தபோது இவை தனித்தனித் தொழில்களாகப் பிரிந்தன. இன்று ஒருவர் இரண்டையும் செய்வது அரிது.

தேசிய விருதுகள்

* 1994 – தேன்மாவின் கொம்பத்து (மலையாளம்)
* 1995 – காலாபானி (மலையாளம்)
* 2007 – ஓம் சாந்தி ஓம் (இந்தி)
* 2010 – எந்திரன் (தமிழ்)