சேர்லொக் ஹோம்சும் எள்ளற் போலிகளும்

இலக்கியப் பாத்திரமொன்று எள்ளி நகையாடப்படுவது அதன் வீழ்ச்சிக்கு அறிகுறி என்று கருதுவோர் உளர். சேர்லொக் ஹோம்சின் வரலாறு இக்கருத்தை மறுதலிக்கின்றது. ஆர்தர் கொனன் டொயில் படைத்த இத்துப்பறிவாளர் 1887இல் நாவலொன்றின் வாயிலாக அறிமுகமானாராயினும், 1891 ஜூலை முதல் ஸ்ரான்ட் சஞ்சிகையில் வெளிவந்த சிறுகதைகளே அவருக்குப் பெரும்புகழ் ஈட்டின. அவை தொடங்கி ஐந்து மாதங்கள் கழியுமுன்னரே, ஜே. எம். பரி தம் பெயர் குறிப்பிடாது எழுதிய எள்ளற் போலி லண்டனில் வெளியாயிற்று. மறு ஆண்டில் ரொபேட் பார் 'சேர்லோ கொம்ப்ஸ்' என்னும் போலித் துப்பறிவாளரைப் படைத்தார்.

இவ்விரைவுக்குக் காரணம் கதைகளின் அமைப்பிலேயே உள்ளது. பேக்கர் வீதி அறை, கலங்கிவரும் விருந்தினர், அற்பத் தடயத்திலிருந்து பெறப்படும் முடிவு, வொற்சனின் வியப்பு என்பன மீண்டும் மீண்டும் வருவன. வாசகர் இவ்வாய்பாட்டை விரைவிற் கற்றுக்கொண்டனர். அதே தருக்கத்தைத் தவறான முடிவுக்கு இட்டுச் செல்வதே நகைச்சுவைக்குப் போதுமானதாயிற்று. டொயில்கூட இவ்விளையாட்டிற் கலந்துகொண்டார். தாம் மருத்துவம் பயின்ற எடின்பரோப் பல்கலைக்கழகத்தின் கிரிக்கெட் மைதான நிதிக்கு உதவும் பொருட்டு, 1896இல் அங்குள்ள மாணவர் சஞ்சிகையில் தம் பாத்திரத்தையே எள்ளி எழுதினார்.

எனினும் எல்லாப் போலிகளும் வரவேற்கப்படவில்லை. 1906இல் பிரெஞ்சு எழுத்தாளர் மோரிஸ் லெப்ளான் தம் கள்வன் லூப்பானுக்கு எதிராக ஹோம்சை நிறுத்தியபோது டொயில் தரப்பிலிருந்து ஆட்சேபம் எழுந்தது. அதனால் அப்பெயர் 'ஹேர்லொக் ஷொல்மேஸ்' என மாற்றப்பட்டது. 1944இல் எலரி குயீன் தொகுத்த போலிகளின் திரட்டு, டொயில் குடும்பத்தாரின் எதிர்ப்பால் விற்பனையிலிருந்து நீக்கப்பட்டது.

திரையிலும் ஹோம்ஸ் முதலில் நகைப்புக்குரியவராகவே தோன்றினார். 1900இல் அமெரிக்காவில் எடுக்கப்பட்ட, ஒரு நிமிடமும் ஓடாத படமொன்றிற் கள்வன் கண்முன்னே மறைய அவர் திகைத்து நிற்கின்றார். ஒருவர் கைப்பிடியைச் சுழற்றித் தனித்து நோக்கும் பெட்டிக்கென அது எடுக்கப்பட்டது. மூலக்கதைகளில் ஹோம்சுக்கிருந்த கொக்கேயின் பழக்கத்தை 1916இல் டக்ளஸ் பெயர்பாங்ஸ் நடித்த படம் மிகைப்படுத்திக் கேலி செய்தது. 1970இற் பில்லி வைல்டரின் திரைப்படம் ஹோம்ஸ், வொற்சன் உறவைப் பற்றிய ஐயத்தையே நகைச்சுவையாக்கியது. அதே தசாப்தத்தில் வயதுவந்தோருக்கான நாவல்களும் படங்களும் அவரைப் பாலியற் கதைகளின் நாயகராக்கின. இவற்றுட் பல இலக்கியத்தரம் அற்றவை. ஆயினும் விக்டோரியா காலத்து ஒழுக்கம் மூலக்கதைகளிற் பேசாது விட்டவை யாவை என்பதை இவை புலப்படுத்துகின்றன.

2023 ஜனவரி 1ஆந் திகதி, ஹோம்ஸ் கதைகளுள் எஞ்சியிருந்தவற்றின் பதிப்புரிமையும் அமெரிக்காவில் முடிவுற்றது. சட்டம் ஹோம்சைப் பொதுச்சொத்தாக்க நூற்றுக்கு மேற்பட்ட ஆண்டுகள் சென்றன. வாசகரின் நகைப்போ முதலாண்டிலேயே அதனைச் செய்துவிட்டது. யாவரும் அறிந்த உருவத்தையே எள்ள முடியும். ஆதலின் எள்ளற் போலிகளை ஹோம்சின் புகழுக்கு இழுக்கெனக் கொள்ளாது, அப்புகழின் முதற் சான்றுகளாகக் கொள்வதே பொருத்தமுடையதாகும்.