கட்டிப்புடி வைத்தியம் பிறந்த கதை

முறைத்துக்கொண்டு திரியும் பங்காளிகளைப் பார்த்து, "ஒரு கட்டிப்புடி வைத்தியம் பண்ணுங்கப்பா, சரியாப் போயிடும்" என்று விக்கிரமங்கலம் டீக்கடையிலும் சொல்லலாம், சென்னை ஆபீசிலும் சொல்லலாம். விளக்கம் கேட்க ஆளிருக்காது. பாட்டன் காலத்துச் சொலவடை போலிருக்கும் இதற்கு வயது இருபது சொச்சந்தான்.

விதை விழுந்தது நாக்பூரில். அங்கே வளர்ந்த ராஜ்குமார் ஹிரானிக்கு மருத்துவக் கல்லூரி நண்பர்கள் உண்டு. அவர்கள் சொன்ன ராகிங் கதைகள் மனதிலேயே கிடந்தன. புனே திரைப்படக் கல்லூரியில் எடிட்டிங் படித்தவர், முதல் படம் இயக்கக் கிளம்பியபோது அவற்றைத் தூசி தட்டினார். டாக்டராகப் புறப்படும் மும்பை தாதா கதாநாயகன் ஆனான். முதலில் ஷாருக் கானுக்கு என்றிருந்த வேடம் சஞ்சய் தத்துக்குப் போனது. 2003 டிசம்பரில் 'முன்னா பாய் எம்.பி.பி.எஸ்.' வந்தது.

அதில் ஒரு காட்சி. ஆஸ்பத்திரித் தரையைத் துடைக்கிறார் ஒரு கிழவர். காய்வதற்குள் ஆளாளுக்கு மிதித்துப் போக, அவர் கத்துகிறார். தாதா அவரைக் கட்டிக்கொண்டு நன்றி சொல்கிறான். இத்தனை வருஷத்தில் ஒருத்தரும் சொல்லாத நன்றி. கிழவர் நெகிழ்ந்துபோகிறார். இந்தியில் இதற்குப் பெயர் 'ஜாதூ கி ஜப்பி'. ஜாதூ என்றால் மாயம். ஜப்பி என்றால் அணைப்பு.

2004 ஆகஸ்டில் சரண் இயக்கத்தில், கிரேசி மோகன் வசனத்தில், கமல் நடித்த அதன் தமிழ் மறுஆக்கம் 'வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.' வெளியானது. 'மாய அணைப்பு' என்று எழுதியிருந்தால் டப்பிங் பட வாடை அடித்திருக்கும். தமிழுக்கு வரும்போது மாயம் கழன்று வைத்தியம் ஒட்டிக்கொண்டது. பாட்டி வைத்தியம், கை வைத்தியம், நாட்டு வைத்தியம் என்று கேட்டு வளர்ந்த காதில் இதுவும் சுலபமாக நுழைந்தது. படத்தின் வழக்கே அதுதானே: நோயாளியைத் தொட்டுப் பேசாத படிப்பு பெரிதா, பட்டமில்லாத ரவுடியின் அக்கறை பெரிதா? 'பிடி' என்று திருத்தாமல் 'புடி' என்றே விட்டதில்தான் ரவுடி ராஜாவின் குரல் இருக்கிறது.

2019-இல் கிரேசி மோகன் மறைந்தார். மறுவருஷம் கொரோனா வந்து, கைகுலுக்கவே பயப்பட வைத்தது. இந்த வைத்தியத்தின் அருமை அப்போதுதான் பலருக்கும் உறைத்தது.

அடுத்த முறை ஆஸ்பத்திரியில் ஈரத்தரையைக் கண்டால், துடைப்பவரைக் கட்டிப்பிடிக்க வேண்டாம்; காயும்வரை சற்று நில்லுங்கள். அதுவும் வைத்தியந்தான்.