கண்ட்ரோல் டவரும் கொஞ்சம் வைனும்

முதல்ல கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கறேன். பல்லாவரத்துல எங்க வீட்டு மொட்டை மாடியில நின்னா மீனம்பாக்கத்துல விமானம் இறங்குறது தெரியும். டவர்ல உக்காந்து அதுக்கெல்லாம் வழி சொல்ற ஆளா ஆகணும்னு ஆசை. ஆனா அந்த வேலைக்கு இயற்பியலும் கணக்கும் படிச்சிருக்கணும். நான் பி.காம். கடைசியில வங்கிதான்!

அந்த ஆசைக்கு வேற கதவு ஒண்ணு இருந்தது. வீட்டுல சிமுலேட்டர்ல விமானம் ஓட்டுறவங்களுக்கு, இன்னொருத்தர் தன் வீட்டுல இருந்தே கண்ட்ரோலரா வழி சொல்ற ஏற்பாடு. முதல்ல சாட்கோன்னு ஆரம்பிச்சது, 2001-ல வாட்சிம் ஆச்சு. சேர காசு கிடையாது. ஆனா ராடார் திரை காட்டுற வி.ஆர்.சி., யூரோஸ்கோப் ரெண்டும் விண்டோஸுக்கு மட்டும். விமானம் ஓட்டுறவங்க நிறைய பேர் வச்சிருந்த மைக்ரோசாஃப்ட் ஃப்ளைட் சிமுலேட்டரும் விண்டோஸ்தானே. என்கிட்ட இருந்ததோ லினக்ஸ் போட்ட பழைய பொட்டி.

இங்கதான் வைன் வருது. (குடிக்கறது இல்லீங்க!) விண்டோஸ் நிரல்களை லினக்ஸ்ல ஓட்ட 1993-ல ஆரம்பிச்ச இலவச மென்பொருள். 1994-லேர்ந்து அலெக்ஸாண்டர் ஜூலியார் தலைமை. 1.0 பதிப்பு வந்தது 2008 ஜூன்ல. பதினஞ்சு வருஷப் பொறுமை!

வைன் ஒரு போலி கம்ப்யூட்டரை உருவாக்குறதில்லை. நாக்பூர் கிளைக்கு நான் மாற்றலாகிப் போன புதுசுல, வாடிக்கையாளர் மராத்தியில கேட்டதை எங்க பியூன் எனக்குப் புரியுற மாதிரி சொல்வார், வேலையை நான் செய்வேன். அதே கதைதான். "ஒரு ஜன்னல் திற"ன்னு நிரல் விண்டோஸைக் கேட்கும். வைன் குறுக்கே வாங்கி, லினக்ஸை வச்சு அதை முடிச்சுக் கொடுக்கும்.

மேக் வச்சிருந்தவங்களுக்கு 2006-ல பூட் கேம்ப் வந்தது, மேக்லயே விண்டோஸைப் போட்டுக்கலாம். 2020-ல ஆப்பிள் தன் சொந்தச் சில்லுக்கு மாறினதும் புது மேக்ல அந்த வழி அடைபட்டுது. 2023-ல, பேரலல்ஸ் மூலமா அந்த மேக்ல விண்டோஸ் 11 ஓட்ட மைக்ரோசாஃப்ட் அனுமதி கொடுத்தது. ஒரு கதவு மூடினா இன்னொண்ணை யாராவது திறந்துடறாங்க.

2009-ல ஒரு ஞாயித்துக்கிழமை என் பொட்டியில ராடார் திரை தெரிஞ்சது. மைக்கை சரி பண்ண இன்னும் ரெண்டு ஞாயிறு போச்சு. வாட்சிம்லயும் பயிற்சி, தேர்வு எல்லாம் உண்டு. ஆனா டிகிரி என்னன்னு மட்டும் யாரும் கேக்கலை. முதல் விமானம் என்னைக் கூப்பிட்டு அனுமதி கேட்டப்போ, பதில் சொல்ல எனக்குத் தொண்டை அடைச்சுக்கிச்சு.