வர்க்கமூலக் கோவைகளின் ஒப்பீடு

வர்க்கமூலமும் பின்னமும் கலந்த இரண்டு கோவைகளில் எது பெரியது என்பதைத் தசம மதிப்பை நாடாமல் தீர்மானிக்கும் முறை. 2, 3, 5 போன்ற எண்களின் வர்க்கமூலம் விகிதமுறா எண். எந்தப் பின்னமும் அதற்குச் சமமாகாது. ஆகவே மூலக்குறியை நீக்கி, இரண்டு முழு எண்களை எதிரெதிரே நிறுத்துவதே இம்முறையின் சாரம். தமிழ்நாட்டுப் பாடநூல்களில் இத்தகைய மூலங்களுக்கு 'முறுடுகள்' என்று பெயர்.

வரலாறு

யேல் பல்கலைக்கழகத்தில் உள்ள ஒய்பிசி 7289 என்ற பாபிலோனியக் களிமண் பலகை ஏறத்தாழ கி.மு. 1800-1600 காலத்தைச் சேர்ந்தது. அதில் ஒரு சதுரமும் இரு மூலைவிட்டங்களும் கீறப்பட்டுள்ளன. பக்கத்தின் அளவு 30. மூலைவிட்டத்தை ஒட்டி 1; 24, 51, 10 என்ற அறுபதடிமான எண் காணப்படுகிறது. இன்றைய கணக்கில் இது 1.414213 அளவு, √2-ஐவிட மயிரிழை குறைவு.

வேள்வி மேடைகளின் அளவுகளைக் கூறும் பௌதாயன சுல்ப சூத்திரம் √2-க்கு 1 + 1/3 + 1/12 − 1/408 என்ற மதிப்பைத் தருகிறது. கூட்டினால் 577/408. இதில் 577-இன் வர்க்கம் 3,32,929. 408-இன் வர்க்கத்தின் இருமடங்கு 3,32,928. ஒன்றே ஒன்று மிஞ்சுவதால் பின்னமே பெரியது.

ஆர்க்கிமிடீஸ் (கி.மு. 3ஆம் நூற்றாண்டு) வட்டத்தை அளக்கும்போது √3-ஐ 265/153, 1351/780 ஆகிய பின்னங்களுக்கு இடையே அடைத்தார். 1351-இன் வர்க்கம் 18,25,201. 780-இன் வர்க்கத்தின் மும்மடங்கு 18,25,200. இங்கும் வித்தியாசம் ஒன்றுதான். இந்தப் பின்னங்களை அடைந்த வழியை அவர் எழுதிவைக்கவில்லை. √ குறியீடு அச்சேறியது மிகப் பிந்தி, 1525இல் கிறிஸ்டோஃப் ருடோல்ஃபின் ஜெர்மன் இயற்கணித நூலில்.

முறைகள்

வர்க்கப்படுத்தலே எளிமையானதும் நம்பகமானதும் ஆகும். 3/√5, 4/3 ஆகியவற்றின் வர்க்கங்கள் 9/5, 16/9. குறுக்கே பெருக்கினால் 81, 80. எனவே 3/√5 பெரியது. √2+√3, √10 ஆகியவற்றை வர்க்கப்படுத்தினால் 5+2√6, 10 கிடைக்கும். இருபுறமும் 5-ஐக் கழித்து மீண்டும் வர்க்கப்படுத்த, 24, 25 எஞ்சும்; √10 பெரியது. இரு கோவைகளும் மிகை எண்களாக இருந்தால் மட்டுமே இது செல்லும். −3, 2 ஆகியவற்றை வர்க்கப்படுத்தினால் சிறியது பெரியதாகிவிடும்.

கழித்தல் வரும் இடங்களில் இணைக் கோவையால் (நடுவிலுள்ள குறியை மட்டும் மாற்றிய கோவையால்) பெருக்கி வகுப்பர். √7−√6 என்பது 1/(√7+√6). √6−√5 என்பது 1/(√6+√5). பகுதி பெரிதானால் பின்னம் சிறிதாகும். எனவே முதலாவதே சிறியது.

இன்றைய நிலை

பல வர்க்கமூலங்களின் கூட்டுத்தொகைகளை எப்போதும் விரைவாக ஒப்பிட்டு முடிக்கும் வழிமுறை உண்டா என்பது கணினி அறிவியலில் தீராத வினாவாக உள்ளது.