கூடல் (குறும்படம்)

கூடல், ஓவியர் தையப் மேத்தா (1925–2009) இயக்கிய சோதனைக் குறும்படம். இந்திய அரசின் திரைப்படப் பிரிவு தயாரித்த இந்தக் கறுப்பு-வெள்ளைப் படம் 1970இல் வெளிவந்தது. ஏறத்தாழ 16 நிமிடம் ஓடும். குஜராத்தின் கபட்வஞ்சில் பிறந்து பம்பாயில் வளர்ந்தவர் தாம் எடுத்த ஒரே படத்துக்குத் தமிழ்ப்பெயர் சூட்டினார்.

பின்னணி

1960களின் பிற்பகுதியில் திரைப்படப் பிரிவு தன் செய்திப்பட வழக்கத்தைத் தாண்டிப் புதிய முயற்சிகளுக்கு இடம் கொடுத்தது. அங்கு ஓவியர் எம்.எஃப். உசைன் எடுத்த வசனமில்லாப் படம் 1967இல் பெர்லின் விழாவில் குறும்படத்துக்கான தங்கக் கரடி விருதைப் பெற்றது. குடை, லாந்தர், செருப்பு என அன்றாடப் பொருள்களே அதன் மொழி. மேத்தாவுக்கோ திரைப்படத் தொழில் முன்பே பழக்கம். ஜே.ஜே. கலைப்பள்ளியில் ஓவியம் படிப்பதற்கு முன், படத்தொகுப்பு வேலை பார்த்தவர் அவர்.

பெயர்

தமிழில் கூடல் என்றால் சேர்க்கை, சந்திக்கும் இடம். மதுரையின் பழம்பெயரும் அதுவே. ஊடலுக்குப் பின் வரும் இன்பமும் கூடல்தான். கண்ணை மூடிக்கொண்டு மணலில் விரலால் வட்டம் வரைந்து, தொடங்கிய முனையும் முடித்த முனையும் சேர்ந்தால் தலைவன் வருவான் எனக் குறி பார்ப்பது கூடல் இழைத்தல். நாச்சியார் திருமொழியில் அதற்கெனத் தனிப்பதிகமே உண்டு.

படம்

பாந்திரா இறைச்சிக்கூடத்தில் காலைக் கட்டி வீழ்த்தப்பட்ட காளை படத்தின் மையப் படிமம். மேத்தாவின் ஓவியங்களில் 1950களிலிருந்தே வரும் உருவம் அது. பிரிவினைக் கலவரத்தில் தெருவில் ஒருவர் கொல்லப்பட்டதை நேரில் கண்ட மேத்தாவை அந்தக் காட்சி வாழ்நாள் முழுதும் விடவில்லை. வலிமை மிக்க உயிர் அசையமுடியாமல் கிடப்பதில் அவர் மனிதரையும் கண்டார்.

படத்தைக் கோப்பது கதையன்று, படத்தொகுப்பு. ஒரு காட்சியை அடுத்த காட்சியோடு பொருத்திப் பொருள் காணும் பொறுப்பு பார்ப்பவருடையது. 1969இல் தம் ஓவியத்திரையைக் குறுக்கே பிளக்கும் சாய்கோட்டை வரையத் தொடங்கியவர், மறு ஆண்டே சேர்க்கையைப் பெயராகக் கொண்ட படத்தைத் தந்தார்.

மதிப்பு

கூடலுக்கு ஃபிலிம்ஃபேர் விமர்சகர் விருது கிடைத்தது. மணல்வட்டத்தின் முனைகள் சேருமா என்று பார்த்திருக்கும் தவிப்பை அறிந்த தமிழருக்கு, இந்தப் படத்தின் வாசல் அதன் பெயரிலேயே திறந்திருக்கிறது.