ஹாஷிமா: படத்தில் விழாத பாதிக் கதை

பாழடைந்த கட்டிடம் என்றாலே பலருக்குப் பேய்க்கதைதான் நினைவுக்கு வரும். ஆனால் அப்படிப்பட்ட கட்டிடங்களைத் தேடிப் போய், உள்ளே புகுந்து புகைப்படம் எடுப்பவர்கள் உலகம் முழுவதும் இருக்கிறார்கள். ஜப்பானில் இத்தகைய இடங்களை 'ஹைக்யோ' என்கிறார்கள். அவற்றில் மிகவும் புகழ்பெற்றது ஹாஷிமா தீவு.

நாகசாகி நகரிலிருந்து சுமார் 15 கிலோமீட்டர் தொலைவில் உள்ள இத்தீவின் பரப்பளவு வெறும் 6.3 ஹெக்டேர்தான். கடலுக்கு அடியில் இருந்த நிலக்கரிக்காக மிட்சுபிஷி நிறுவனம் 1890-ல் இதை விலைக்கு வாங்கியது. இடமோ குறைவு, ஆட்களோ அதிகம். அதனால் வீடுகள் மேல்நோக்கி வளர்ந்தன. 1916-லேயே இங்கு ஏழு மாடி கான்கிரீட் குடியிருப்பு ஒன்று எழுந்துவிட்டது. 1959-ல் இந்தச் சிறு தீவில் வாழ்ந்தவர்கள் 5,259 பேர்! பள்ளிக்கூடம், மருத்துவமனை, சினிமா தியேட்டர் எல்லாமே இருந்தன. தூரத்திலிருந்து பார்க்கப் போர்க்கப்பல் போலத் தெரிந்ததால் 'குன்கன்ஜிமா' (போர்க்கப்பல் தீவு) என்ற பட்டப்பெயரும் வந்தது.

1960-களில் ஜப்பானில் நிலக்கரியின் இடத்தைப் பெட்ரோலியம் பிடித்தது. 1974 ஜனவரியில் சுரங்கம் மூடப்பட்டது. ஏப்ரலில் தீவே காலியானது. ஒரே தொழிலை நம்பிய ஊர் அந்தத் தொழிலோடு முடிந்துபோனது.

ஊர் முடிந்த இடத்தில் புகைப்படக்காரர்கள் வந்தார்கள். 1974-ல் தீவைப் படமெடுத்த சைகா யூஜி, பல ஆண்டுகள் கழித்துத் திரும்பிச் சென்று அதன் இடிபாடுகளையும் படமாக்கினார். பொதுமக்கள் இறங்கத் தடை இருந்த காலத்திலும் சிலர் கேமராவோடு திருட்டுத்தனமாகப் போய் வந்தார்கள். விட்டுச்சென்ற தொலைக்காட்சிப் பெட்டி, உப்புக் காற்றில் உதிரும் சுவர், மாடிப்படியில் முளைத்த செடி ஆகியவை உலகப் புகழ் பெற்றன. 2009-ல் சுற்றுலாப் பயணிகளுக்கு அனுமதி கிடைத்தது. ஆனால் அவர்கள் குறிப்பிட்ட நடைபாதையைத் தாண்டக்கூடாது.

இந்த அழகான படங்களில் தெரியாத ஒரு விஷயம் உண்டு. இரண்டாம் உலகப்போர் காலத்தில் கொரியர்களும் சீனர்களும் கட்டாயமாகக் கொண்டுவரப்பட்டு இந்தச் சுரங்கத்தில் வேலை வாங்கப்பட்டார்கள். ஹாஷிமா உள்ளிட்ட ஜப்பானின் தொழிற்புரட்சித் தலங்கள் 2015-ல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தபோது, பல கொரியர்களும் பிறரும் விருப்பத்திற்கு மாறாகக் கொண்டுவரப்பட்டதை ஜப்பான் பிரதிநிதி ஒப்புக்கொண்டார். அந்த வரலாற்றையும் பார்வையாளர்களுக்கு விளக்குவதாக ஜப்பான் உறுதி தந்தது. அது முழுமையாக நிறைவேறவில்லை என்று உலகப் பாரம்பரியக் குழு 2021-ல் கடுமையாக வருத்தம் தெரிவித்தது.

கேமரா, மிச்சம் இருப்பதைத்தான் காட்டும். குடும்பமாக வாழ்ந்தவர்கள் பொம்மையையும் செருப்பையும் விட்டுப் போனார்கள். சொந்தமாக எதுவுமில்லாமல் கொண்டுவரப்பட்டவர்கள் எதை விட்டுப் போவார்கள்? அதனால்தான் இடிந்த சுவரின் படத்தை விட, அதன் கீழே எழுதப்படும் இரண்டு வரி விளக்கம் சில நேரம் முக்கியமாகிறது. அந்த வரிகள் இல்லாவிட்டால் ஹாஷிமா ஒரு அழகான இடிபாடு, அவ்வளவுதான்.